ஹேமலேகாவின் புள்ளிகள்

ஆலங்கோணத்துக்காரர்களுக்கு ஒரு காது தமிழ்நாட்டிலும் மறு காது கேரளத்திலும் இருக்கிறது. தமிழில் திட்டுவார்கள், மலையாளத்தில் கொஞ்சுவார்கள், இரண்டையும் கலந்து பொய் சொல்வார்கள். அந்த எல்லையோர ஊரில் ஆனி மாதத்து ஒரு சனிக்கிழமை காலையில், பல் தேய்க்கக் கண்ணாடி முன்னால் நின்றவர்களில் முந்நூற்றுச் சொச்சம் பேருக்குக் கழுத்தின் வலது பக்கத்தில், காதுக்குக் கீழே தொடங்கித் தோளை நோக்கி, ஆறு கறுத்த புள்ளிகள் வரிசையாக வந்திருந்தன. கடுகளவுப் புள்ளிகள், ஒரே நேர், ஒரே இடைவெளி. வலி இல்லை, அரிப்பு இல்லை, தேங்காயெண்ணெய்க்கும் போகவில்லை, எலுமிச்சைக்கும் போகவில்லை. ஆரம்ப சுகாதார நிலையத்து டாக்டர் வந்தவர்களையெல்லாம் இது வெறும் வெயில் என்று சொல்லி அனுப்பினார். அவர் அன்றைக்குச் சட்டையின் மேல் பொத்தானையும் போட்டிருந்தார்.

அடுத்த சனிக்கிழமை இன்னொரு வரிசை வந்தது, அதற்கடுத்த சனிக்கிழமை சிலருக்கு இரண்டு வரிசை, சிலருக்கு நான்கு. ஊர் முதலில் மறைத்துப் பார்த்தது. வேர்த்து ஊற்றுகிற நாளில் மப்ளர் சுற்றிய ஆண்களும், முந்தானையைத் தோளோடு இழுத்துச் செருகிய பெண்களும், பிடரி வரை பவுடர் அப்பிய கன்னிப்பெண்களுமாகச் சந்தை நிறைந்தது. ஜாக்கெட் தைக்கிற லில்லிபாய்க்கு அந்த ஒரு மாதத்தில் கழுத்து உயர்த்தித் தைக்கச் சொல்லி வந்த துணி மேசை கொள்ளாமல் தரையில் கிடந்தது. பங்குச் சாமியார் பாவத்தின் சம்பளத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்ய எழுந்தார், அவர் குனிந்து வேதப்புத்தகத்தைப் புரட்டியபோது அங்கியின் கழுத்துப்பட்டை விலகியதை முன்வரிசை பார்த்துவிட்டது, முன்வரிசை பார்த்ததை அவரும் பார்த்துவிட்டார், அதனால் அன்றைக்கு அண்டை அயலாரிடம் அன்பாயிருப்பதைப் பற்றிப் பேசிச் சீக்கிரமே முடித்துக்கொண்டார்.

காரணத்தைக் கண்டுபிடித்தவர் வாசகசாலைத் தலைவர் வேலாயுதன் தம்பி. அவர் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், கண்ணாடியில் தன் கழுத்தைப் பார்த்துக் கணக்கு எடுத்து, மச்சின் மேல் பழைய டிரங்குப் பெட்டியில் இருந்த ஒரு சாமானை எடுத்து ஒப்பிட்டுப் பார்த்து, பிறகு அதைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு, மற்றவர் யாரோ சொல்லித்தான் தெரியும் என்கிற பாவனையில் அறிவித்தார். அந்தச் சாமான் மலையாளத்தில் அச்சடித்த ஒரு கொச்சுப் புத்தகம். உள்ளங்கையளவு, மஞ்சள் அட்டை, நடுவில் இரண்டு பின். ஒரு காலத்தில் பேருந்து நிலையப் பெட்டிக்கடையில் வாரப்பத்திரிகைகளுக்குப் பின்னால் கொக்கியில் தொங்கும், "கொச்சு வந்தாச்சா?" என்று வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்கிற குரலில் கேட்டால் மடித்த பத்திரிகைக்குள் வைத்துத் தருவார்கள், அதை அரிசிப் பானைக்குள்ளும், ரப்பர் ஷீட்டுக்கு அடியிலும், ஞானப்பாட்டுப் புத்தகத்தின் அட்டைக்குள்ளும் ஒளித்துவைத்துத் தலைமுறையே படித்தது. அந்தப் புத்தகங்களிலேயே பேர்போனவை குமாரி ஹேமலேகா எழுதிய நாற்பத்து மூன்றும். அவற்றில்தான் புள்ளிகள் உண்டு. கதை சூடுபிடித்து வரும்போது சரியான இடத்தில் வார்த்தைக்குப் பதிலாக ஆறு புள்ளி கிடக்கும்.

'அவன் உள்ளே வந்தபோது அவனுடைய ...... நனைந்திருந்தது.' இப்படி. 'வெட்கப்படாமல் இந்த ......த்தை உரித்துத் தா என்றாள்.' இப்படி. முலை என்ற வார்த்தை அந்தப் புத்தகங்களில் மூடாமல் மறைக்காமல் நட்ட நடுப்பக்கத்தில் நின்றது. அதையே பச்சையாக அச்சடித்தவர்கள் புள்ளி வைத்து மறைத்தார்கள் என்றால் அது எப்பேர்ப்பட்ட வார்த்தையாக இருக்கும் என்று ஆலங்கோணம் முப்பது வருஷம் யோசித்தது. யோசித்து யோசித்து அவரவர் திறமைக்குத் தக்கபடி நிரப்பிக்கொண்டார்கள்.

பிறகு அச்சகம் மூடியது, பெட்டிக்கடை ரீசார்ஜ் கடையானது, அந்தக் கடையில் மெமரி கார்டை நீட்டினால் "பாட்டு ஏத்தணுமா, கதை ஏத்தணுமா?" என்று கேட்டு ஏற்றித் தந்தார்கள், பக்கங்களைப் படம் பிடித்த யாரோ ஒருவருடைய கட்டைவிரலும் மூலையில் சேர்ந்தே வந்தது, அதுவும் போய் எல்லாம் கைப்பேசிக்குள் அடங்கியது. கடைசியில் ஷார்ஜாவில் ஏசி மெக்கானிக்காக இருக்கிற நம்மூர் ஷிபின், வெள்ளிக்கிழமை விடுமுறையில் அறையில் மல்லாந்து படுத்துக்கொண்டு, ஹேமலேகாவை வாரத்துக்கு ஒரு புத்தகமாகக் கைப்பேசியில் அடித்து இணையத்தில் ஏற்றத் தொடங்கினான். வெறுமனே ஏற்றியிருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. அவன் புள்ளிகளை எடுத்துவிட்டுத் தன் சொந்த வார்த்தைகளை நிரப்பினான். அவை என்ன வார்த்தைகள் என்று சொன்னால் இந்தக் கதைக்கும் புள்ளி வைக்க வேண்டி வரும். அவன் நிரப்ப நிரப்ப, இருந்த இடத்திலிருந்து துரத்தப்பட்ட புள்ளிகள் போக்கிடம் இல்லாமல், தங்களை எண்ணி எண்ணித் தூக்கம் கெட்டவர்களைத் தேடி வந்து ஒட்டிக்கொண்டன. ஏன் கழுத்தில் வந்தன என்பது மட்டும் யாருக்கும் விளங்கவில்லை, வேறு இடத்தில் எதிர்பார்த்துச் சோதித்தவர்கள் கொஞ்சம் ஏமாந்தும் போனார்கள்.

காரணம் தெரிந்ததும் வெட்கம் இரண்டு வாரம் இருந்தது, மூன்றாவது வாரம் மப்ளர்கள் அவிழ்ந்தன. எல்லாருக்கும் இருப்பதை யார் யாரிடம் மறைப்பது? நாற்பது வருஷம் ஒரே வீட்டில் ஒரே புத்தகத்தை ஒருவருக்குத் தெரியாமல் ஒருவர் படித்த புருஷனும் பெண்டாட்டியும் வரிசையை ஒப்பிட்டுப் பார்த்து, முதலில் சண்டை போட்டு, பிறகு கதவைச் சாத்திக்கொண்டார்கள். கல்யாணத் தரகர்கள் ஜாதகத்தோடு வரிசையையும் விசாரித்தார்கள். ரொம்பக் கூடினாலும் ஆகாது, ரொம்பக் குறைந்தாலும் பிள்ளைக்கு ரசனை போதாது என்றார்கள். "எத்தனை?" என்று கேட்டால் சாப்பிட்டீர்களா என்று விசாரிப்பதுபோல ஆகிவிட்டது.

"அக்கா, ஒண்ணு பறஞ்சா வேற ஆள்ட்ட சொல்லாதியோ," என்று லில்லிபாய் அடுத்த வீட்டுத் தாட்சாயணியம்மையிடம் வேலிக்கு மேலாகச் சொன்னாள். "இந்த ஊர்ல ஆம்பிளையளவிடப் பொம்பளையளுக்காக்கும் புள்ளி கூடுதல். நான் டேப்பு வச்சு அளந்தவளாக்கும்."

"உனக்கு எத்தனை பிள்ளே?"

"நான் தையக்காரி, எனக்குக் கண்ணு வலிக்கும்வரை வேலை, எனக்கு எங்க நேரம்?" என்று சொல்லி, லில்லிபாய் பதினேழு வரிசையையும் முந்தானையால் மூடிக்கொண்டாள். பிறகு வேலியில் தாடையை ஊன்றித் தாட்சாயணியம்மையின் கழுத்தையே பார்த்தாள். "நிங்களுக்கு ஒண்ணுகூட இல்லியே அக்கா. சோப்பு போட்டுக் கழுவின கிண்ணம் மாதிரியில்லா இருக்கு."

தாட்சாயணியம்மைக்கு எழுபத்து மூன்று வயது. ஆலங்கோணத்துக் கம்பியாபீஸில், அதாவது தந்தி அலுவலகத்தில், முப்பத்தோரு வருஷம் வேலை பார்த்தவள். ஊரில் யார் செத்தாலும் யார் பிறந்தாலும் அவள் விரல் வழியாகத்தான் போயிற்று, வந்தது, எல்லாம் பத்து வார்த்தைக்குள். கட்டினவர் மூன்றாம் வருஷமே போய்ச் சேர்ந்துவிட்டார். பேருந்துச் செக்கராக இருந்த அவர் மழைக்காலத்தில் வேலை முடிந்து வரும்போது சட்டைக் காலரை மடித்துவிட்டுக்கொண்டு வருவார், கழுத்தில் மழைத்துளி நிற்கும், அதைத் துடைக்க விடமாட்டார், நீயே துடை என்று குனிந்து நிற்பார். அவரைப் பற்றி வந்த தந்தியையும் அவளே டிக் டிக் என்று கேட்டு எழுத வேண்டியிருந்தது. அதற்குப் பிறகுதான் அவள் எண்ணாமல் எழுத ஆரம்பித்தாள். வார்த்தையை எண்ணி எண்ணியே மரத்துப்போன கை, வீட்டுக்கு வந்ததும் ஒரு நோட்டில் மலையாளத்தில் அணை உடைந்ததுபோல எழுதியது. அவரைப் பற்றி, அவர் வாசலில் நின்றதைப் பற்றி, அதற்குப் பிறகு நடந்ததையும் ஒளிக்காமல். எழுதியதைக் குமாரி ஹேமலேகா என்று பெயர் போட்டு மங்களதீபம் பிரஸ்ஸுக்குத் தபாலில் அனுப்பினாள்.

பெண் பெயரில் எழுதியதுதான் அவளுக்கு வசதியாயிற்று. "ஹேமலேகாவாவது கோமலேகாவாவது, அது எவனோ ஒரு மீசைக்காரன்," என்று டீக்கடையே சத்தியம் செய்தது. மீசைக்காரனைத் தேடிய ஊர் கம்பியாபீஸ் ஜன்னலுக்குள் எட்டிப் பார்க்கவேயில்லை.

ஆனால் முதல் புத்தகம் அச்சாகி வந்தபோது அவளுக்கு முகம் சிவந்தது வெட்கத்தினால் அல்ல. எழுதலாமா வேண்டாமா என்று தயங்கித் தயங்கி எழுதிய வார்த்தையெல்லாம் முழுசாக அச்சாகியிருந்தது. மழை என்று எழுதியதற்குப் புள்ளி வைத்திருந்தார்கள். தந்திக்காரி ஆனதால் முதலில் அந்தப் புள்ளிகள் தனக்கு ஏதாவது சேதி சொல்கின்றனவோ என்று தட்டிப் பார்த்தாள்; ஒரு மண்ணும் சொல்லவில்லை. அடுத்த புத்தகத்தில் தணிந்து, நாகரிகமாக, உதட்டையெல்லாம் குறைத்துப் புழையையும், அதாவது ஆற்றையும், வாழைத்தோப்பையும் கூட்டி எழுதினாள். புள்ளி இரண்டு மடங்கு ஆயிற்று. எவ்வளவு அடக்கமாக எழுதினாளோ அவ்வளவு புள்ளி. அச்சுக் கோக்கிறவன் மனசில் என்ன சாக்கடை ஓடினால் புழைக்கும் வாழைக்கும் அர்த்தம் கண்டுபிடிப்பான்? அவனை அவள் முப்பது வருஷம் மனசுக்குள் திட்டினாள், அவன் யார் என்று தெரிந்தும் ஒரு நாள் கூடப் போய்க் கேட்கவில்லை. கேட்டால் ஹேமலேகா யார் என்று சொன்னதாகிவிடும்.

இந்த நிலையில்தான் வேலாயுதன் தம்பி அவள் வீட்டுக்கு வந்தார்.

"அம்மே, இந்த ஊர்ல சுத்தமான கழுத்து ஒண்ணே ஒண்ணுதான் உண்டும். வாசகசாலை ஆண்டு விழா ஞாயிறாழ்ச்சை நாலு மணிக்கு. நிங்களுக்கு ஒரு பொன்னாடை போடாம இருந்தா நமக்கு மானக்கேடு."

"எனக்கு எதுக்கு சாறே பொன்னாடை?"

"களங்கமில்லாத வாசகின்னு ஃபிளெக்ஸே அடிச்சாச்சு," என்றார் தம்பி, எட்டு வரிசைக் கழுத்தைத் தடவிக்கொண்டே.

அவர் போனதும் அவள் லில்லிபாயின் கைப்பேசியில் ஷிபினின் பக்கத்தைக் காட்டச் சொன்னாள். லில்லிபாய் விரலால் தள்ளித் தள்ளி, "இந்தா, கம்பின்னு ஒரு பகுதி உண்டும் பாத்தேளா, அதுலதான்," என்றாள்.

"கம்பியா? அதை நிறுத்தி எத்தனை வருஷமாச்சு, இப்போ ஆரு அனுப்புதா?"

லில்லிபாய் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். மலையாளத்தில் தந்திக்கும் கம்பி என்றுதான் பெயர், உடம்பை விறைக்கவைக்கிற கதைக்கும் கம்பி என்றுதான் பெயர். தாட்சாயணியம்மை ஆயுள் முழுக்க இரண்டையும் அடித்திருக்கிறாள், இரண்டாவதற்குப் பெயர் தெரியாமல். மேலே பெரிய எழுத்தில் 'குமாரி ஹேமலேகா, ஒறிஜினல், புள்ளியில்லாதது' என்று போட்டிருந்தது. அவள் படித்தாள். அவர் வாசலில் வந்து நின்றார், காலரை மடித்துவிட்டிருந்தார், அவருடைய கழுத்து இருந்த இடத்தில் ஷிபின் போட்ட வார்த்தை நின்றது. அவள் கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு உள்ளே போய் அழுதாள். அந்த மழை அவருடையது, அந்தக் கழுத்து அவருடையது. மேடையில் ஏறிப் பொன்னாடையை வாங்கிக்கொண்டால் அது இனி எந்தக் காலத்துக்கும் ஷிபினுடைய வார்த்தைதான், ஏறி உண்மையைச் சொன்னாலோ அவளுடைய எழுபத்து மூன்று வருஷத்துச் சுத்தமான கழுத்து போய்விடும். அதைவிடக் கொடுமை, நாற்பத்து மூன்று புத்தகத்தில் எந்தப் புள்ளிக்குள் எந்த வார்த்தை என்று அவளுக்கே முக்கால்வாசி மறந்துபோயிருந்தது. கையெழுத்துப் பிரதிகளைப் பிரஸ்காரர்கள் அடுப்பில் போட்டுவிட்டார்கள். எல்லாம் தெரிந்த ஒரே ஆள் அவற்றைப் பிடுங்கிப் போட்டவன்தான்.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்குக் குடையை எடுத்துக்கொண்டு, ரப்பர் தோட்டத்துக்கு நடுவில், மங்களதீபம் பிரஸ்ஸில் அச்சுக் கோத்த கம்போசிட்டர் ஞானாபரணத்தின் வீட்டுக்குப் போனாள். எழுபத்தாறு வயது, பெண்டாட்டி இல்லை, மகள் பெங்களூரில். சுவரில் பிரஸ்ஸின் பழைய எழுத்துப்பெட்டியைச் சாய்த்து மாட்டியிருந்தார்; எழுத்துகள் கிடந்த சின்னச் சின்னக் குழிகளில் இப்போது மாத்திரைகள் கிடந்தன. அவள் உட்காரவில்லை. நேராக அவர் கழுத்தைப் பார்த்தாள்.

"நிங்களுக்குப் புள்ளி இடது பக்கமாக்கும்."

அவர் கை தன்னால் கழுத்துக்குப் போனது.

"ஊர்ல அத்தனை பேருக்கும் வலது பக்கம்," என்றாள். "நிங்க வரைஞ்சியரு."

அவர் துண்டின் நுனியை நாக்கில் நனைத்துத் தேய்த்தார், புள்ளிகள் மையாகத் துண்டில் வந்தன. "வலத்துல அச்சாகணும்னா இடத்துல வைக்கணும்," என்றார். "ஐம்பது வருஷக் கைப்பழக்கம், திருந்தமாட்டேங்குது."

"எதுக்கு வரைஞ்சியரு?"

"வெறுங்கழுத்தோட நடந்தா, புள்ளிக்குள்ள உள்ள வாக்கு என்னன்னு இவனுக்குத் தெரியும்னு ஊரு பிடிச்சிருமே."

முப்பது வருஷம் அடக்கிவைத்தது அப்போது வாய்க்கு வந்துவிட்டது. "தெரியுமில்லா? மழைன்னு எழுதினேன். அதுல என்ன வோய் அசிங்கம் கண்டீரு? முலைன்னு எழுதினதை நல்லா முழுசா அடிச்சீரு, மழைக்குப் புள்ளி வச்சீரு! புழைக்குப் புள்ளி, வாழைக்குப் புள்ளி, எனக்க மாப்பிளைக்க கழுத்துக்குப் புள்ளி! உமக்க மனசுல என்ன குப்பை கெடந்து?"

சொன்ன பிறகுதான் தான் யார் என்பதைச் சொல்லிவிட்டோம் என்று அவளுக்கு உறைத்தது. ஞானாபரணம் திடுக்கிடவில்லை. எழுந்து எழுத்துப்பெட்டிக்கு முன்னால் போய் நின்றார்.

"அம்மே, இஞ்ச வாங்க. க-க்க குழியில பிரஷர் மாத்திரை. ச-ல சுகருக்குள்ளது. ம-ல முட்டுவலிக்கு. எல்லாக் குழியிலயும் என்னமோ ஒண்ணு கெடக்கு. இந்த ஒண்ணைப் பாத்தேளா?"

"காலி."

"இதாக்கும் ழ. இதுக்குள்ள கை போயிப் பழக்கமே இல்ல எனக்கு."

அவர் சொன்னார்: முதலாளி குட்டன் பிள்ளை மூடிப்போன ஒரு பிரஸ்ஸிலிருந்து பழைய மலையாள எழுத்துகளை வாங்கி வந்தபோது ழ பதினொன்றுதான் இருந்தது. புதிதாக வார்க்கக் கொடுக்கலாம் என்று வருஷா வருஷம் சொன்னார், கொடுக்கவில்லை. கோயில் நோட்டீஸில் எழுந்தருளலுக்கு ழ வேண்டும், பள்ளி நோட்டீஸில் வாழ்த்தப்பட்டவருக்கு வேண்டும், கல்யாணக் கடிதத்தில் ஏழு மணிக்கும் எட்டு மணிக்கும் நடுவிலான முகூர்த்தத்துக்கு வேண்டும். அதனால் பதினொன்றையும் ஒரு பொடி டப்பாவில் போட்டு மேசைக்குள் பூட்டிவைத்து, கடவுளுக்கும் கல்யாணத்துக்கும் மட்டுமே எடுத்துக் கொடுத்தார். கொச்சுப் புத்தகத்துக்கு ழ கேட்டபோது, நம்ம புத்தகத்துக்குப் புள்ளி போதும்டே, புள்ளியிருந்தால் இன்னும் நன்றாக ஓடும் என்றார். ஓடிற்று.

"நிங்க மழைன்னு எழுதினா எங்கிட்ட ழ இல்ல," என்றார் ஞானாபரணம். "பழம்னு எழுதினா இல்ல. கழுத்துன்னு எழுதாத பக்கமே நிங்களுக்கு இல்ல. நான் என்ன செய்ய?"

தாட்சாயணியம்மை உட்கார்ந்தாள். நாற்பத்து மூன்று புத்தகத்திலும் ஒரு ழ கூட இல்லை என்பதை அவளும் கவனிக்கவில்லை, ஊரும் கவனிக்கவில்லை; ஊர் தேடியது வேறு. வயிற்றிலிருந்து சிரிப்பு கிளம்பி, குடை கைநழுவி விழுகிற வரை சிரித்தாள். ஆலங்கோணத்து ஜனங்கள் முப்பது வருஷம் மழையையும் வாழைப்பழத்தையும் நினைத்துத் தூக்கம் கெட்டிருக்கிறார்கள்.

"நான்தான்னு எப்பிடித் தெரியும்?" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்.

"எனக்க அம்மை புனலூர்ல செத்தப்போ இங்கிலீஷுல கம்பி வந்து. எனக்கு வாசிக்கத் தெரியாதுன்னு, பின்பக்கம் நிங்க பென்சில்ல மலையாளத்துல எழுதியிருந்தீங்க. விஷயத்தை எழுதிட்டு, கீழ, 'வழியிலே எதாவது சாப்பிட்டுக்கொள்ளவும்'னு ஒரு வரி. அந்த ழ-வுக்கு ஒரு வால் உண்டும், சுருட்டிக் கீழ விடுவியோ. அடுத்த மாசம் எனக்க மேசைக்கு வந்த கதையிலயும் அதே வால்." அவர் எழுத்துப்பெட்டியைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "பறஞ்சா நிங்க எழுத்தை நிறுத்திடுவியளோன்னு பயந்துபோயாக்கும் பறையாம இருந்தது. எடுத்துப்போட்ட வாக்கு ஒண்ணும் எனக்கு மறக்கல்ல. எந்தப் பக்கம்னு கேளுங்க, சொல்லுதேன்."

அவள் கேட்டாள், அவர் சொன்னார். மழை, தாழே, கழுத்து, ஏழாவது பக்கத்தில் ஒழுகிய ஓலை, பன்னிரண்டாவது பக்கத்தில் கோழி. நாற்பத்து மூன்றாவது புத்தகத்தின் கடைசி வரிக்கு வந்தபோது இருவருமே நின்றுவிட்டார்கள். அந்த வரியை ஆலங்கோணத்தில் தெரியாதவர் இல்லை. 'என் வார்த்தைகளையெல்லாம் மேய்ந்து தீர்த்த என் ......, நீ இல்லாமல் எனக்கு ஒரு புத்தகமும் இல்லை.' ஊரில் காதல் கடிதம் எழுதிய அத்தனை பேரும் அந்த வரியைக் காப்பியடித்திருக்கிறார்கள். இரண்டு ஆட்டோக்களின் முதுகில் 'என்......' என்று பெயின்ட் அடித்து இன்றைக்கும் ஓடுகிறது.

ஞானாபரணம் அலமாரியிலிருந்து பொடி டப்பாவை எடுத்துக் குலுக்கினார். பிரஸ் மூடியபோது அவர் கேட்டு வாங்கிக்கொண்டது அந்தப் பதினோரு எழுத்துகளை மட்டும்தான். அதிலிருந்து ஒன்றை எடுத்து, வேறு இரண்டு ஈய எழுத்துகளைத் தேடிப் பிடித்து, அச்சுக்கோக்கும் கட்டையில் வரிசையாக வைத்து அவள் கையில் கொடுத்தார். எழுத்துகள் தலைகீழாகவும் திருப்பியும் இருந்தன. அவள் கண்ணைச் சுருக்கிப் படித்தாள். தான் அன்றைக்குக் கோபத்தில் அச்சுக்கோப்பவனை நினைத்து எழுதிய அதே வார்த்தை.

கழுதை.

"கோத்துட்டு ரெண்டு நாள் சிரிச்சேன்," என்றார் ஞானாபரணம். "எனக்கு எழுதின ஒரே வரியில்லா."

ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்கு வாசகசாலை கூட்டத்தில் திண்டாடியது. பொன்னாடையோடு நின்ற வேலாயுதன் தம்பியைக் கையமர்த்திவிட்டு, தாட்சாயணியம்மை ஒலிபெருக்கியைப் பிடித்து, "ஹேமலேகா நானாக்கும்," என்றாள். யாரும் நம்பவில்லை. மீசைக்காரனைக் காட்டிக்கொடுக்காமல் இருக்க அம்மை பழியைத் தன்மேல் போட்டுக்கொள்கிறாள் என்று முன்வரிசையில் பேசிக்கொண்டார்கள். அவள் வாதாடவில்லை. ஊரறிந்த ரகசியமாகத் தம்பியின் டிரங்குப் பெட்டியில் இருந்த முதல் புத்தகத்தை எடுத்துவரச் சொன்னாள், தம்பி எனக்கெங்கே என்று சொல்ல வாயெடுத்து மூடிக்கொண்டு ஓடிப்போய் எடுத்துவந்தார். அவள் பக்கத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு ஞானாபரணத்தை உட்காரவைத்து, கதையை வாய்விட்டு வாசித்தாள். புள்ளி வரும் இடத்தில் அவர் தாழ்ந்த குரலில் வார்த்தையை எடுத்துக் கொடுத்தார், அவள் உரக்கச் சொன்னாள்.

"அவன் உள்ளே வந்தபோது அவனுடைய கழுத்து நனைந்திருந்தது."

முந்நூறு கழுத்துகளிலிருந்து ஒரு வரிசை மறைந்தது. கைகள் எல்லாம் கழுத்துக்குப் போயின. பின்வரிசையில் யாரோ, "கழுத்தா?" என்று கேட்டார்கள், வேறு யாரோ, "அட, கழுத்து!" என்று பெருமூச்சு விட்டார்கள், அந்தப் பெருமூச்சில் ஏமாற்றம் பாதி, பாக்கிப் பாதி இன்னதென்று தெரியவில்லை. பல பேர் அன்றைக்குத்தான் பக்கத்தில் இருந்தவர்களின் கழுத்தைச் சரியாகப் பார்த்தார்கள்.

நாற்பத்து மூன்று ஞாயிறுகள் அப்படி நடந்தது, ஞாயிறுக்கு ஒரு புத்தகம், எல்லைக்கு அந்தப் பக்கத்திலிருந்தும் ஆட்கள் வந்தார்கள், பொன்னாடை பிரிக்கப்படாமல் மேசையிலேயே கிடந்து தூசி பிடித்தது. லில்லிபாய் கைப்பேசியை ஜன்னல் கம்பியில் கட்டி நேரலையாக அனுப்பினாள், ஷார்ஜாவில் ஷிபின் மல்லாந்து படுக்காமல் எழுந்து உட்கார்ந்து கேட்டு, தன் வார்த்தைகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு மழையையும் புழையையும் போட்டான். அப்படியும் அவன் பக்கத்துக்கு வருகிற கூட்டம் குறையவில்லை. பங்குச் சாமியார் ஒரு ஞாயிறு பூசையைக் கால் மணி நேரம் முன்னாலேயே முடித்தார். ஆனால் புள்ளி குறையக் குறைய ஊர் வாட்டமானது. இருபத்தைந்தாம் வாரத்தில் வேலாயுதன் தம்பி, "அம்மே, வாரத்துக்கு ஒரு வரியாவது விட்டு வாசிக்கப்பிடாதா?" என்று தனியாகக் கேட்டுப் பார்த்தார். அவள் விடவில்லை, கட்டினவருடைய கழுத்து முழுதாகத் திரும்பி வருகிற வரை விடுவதாயில்லை.

கடைசி ஞாயிறன்று உட்கார இடமில்லாமல் ஆட்கள் மதில்மேல் ஏறியிருந்தார்கள். எல்லாக் கழுத்திலும் பாக்கி ஒரே ஒரு வரிசை. அவள் கடைசி வரிக்கு வந்தாள். "என் வார்த்தைகளையெல்லாம் மேய்ந்து தீர்த்த என்," என்று வாசித்து நின்று பக்கத்தில் பார்த்தாள். ஞானாபரணம் வார்த்தையை எடுத்துக் கொடுக்கவில்லை. உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு, வேண்டாம் என்று மெல்லத் தலையாட்டினார். மதில்மேல் இருந்தவர்கள் முன்னால் சாய்ந்தார்கள். இரண்டு ஆட்டோக்காரர்களும் கும்பிட்ட கையோடு நின்றார்கள். ஆயுளில் முதல் தடவையாகத் தாட்சாயணியம்மை ஒரு வார்த்தைக்குப் பதிலாகத் தானே புள்ளி வைத்தாள்; ஆறு புள்ளிக்கு ஆறு மூச்சு, வாய் திறக்காமல். அந்த ஆறு மூச்சு நேரத்தில் அவள் மனசில் வந்தது கழுதை அல்ல. வேறொரு வார்த்தை, அதிலும் ஒரு ழ இருந்தது.

"நீ இல்லாமல் எனக்கு ஒரு புத்தகமும் இல்லை," என்று முடித்துப் புத்தகத்தை மூடினாள். கைதட்டல் எல்லைச் சாவடி வரை கேட்டது. அந்த ஒரு வரிசை ஆலங்கோணத்தில் இன்றைக்கும் எல்லாக் கழுத்திலும் இருக்கிறது.

மறுநாள் காலையில் வேலிக்கு மேலாக எட்டிப் பார்த்த லில்லிபாய், வாயில் வைத்திருந்த குண்டூசியைக் கீழே துப்பினாள். தாட்சாயணியம்மையின் கழுத்தில் வலது பக்கம், காதுக்குக் கீழே, ஆறு புள்ளி.

"அக்கா! நிங்களுக்குமா? அது என்ன வாக்குன்னு எனக்கிட்ட மட்டும் சொல்லப்பிடாதா?"

தாட்சாயணியம்மை துணி உலர்த்துவதை நிறுத்தாமல், பொய் சொல்லக் கூடாது என்று கொஞ்சம் யோசித்தாள்.

"அது ஒரு மிருகமாக்கும் பிள்ளே," என்றாள்.

"எனக்க கர்த்தாவே," என்று லில்லிபாய் முந்தானையால் விசிறிக்கொண்டு, ஊருக்கெல்லாம் சொல்ல ஓடினாள்.